இரண்டு கையெழுத்து

ஒப்பந்தத்தின் இடப்பக்கம் தயாரிப்பாளர்,
வலப்பக்கம் ஒளிப்பதிவாளர்.
இரண்டு இடத்திலும் நானே ஒப்பமிட்டேன்.
சம்பளம் என்ற கட்டத்தில்
முதலாமவள் ஒரு பூச்சியம் போட்டாள்.
இரண்டாமவள் வாயே திறக்கவில்லை.
சாட்சிக்கு, மார்க்கம் வீதி டோனட் கடையில்
பக்கத்து மேசையிலிருந்த ட்ரக் ஓட்டுநர்.
என்ன ஏதென்று கேட்காமல் போட்டுத் தந்தார்.

அதற்கு முன்னால் பதினாறு வருஷம் கலியாணங்கள்.
ஸ்காபரோவில் எந்த மண்டபத்தில்
எந்த விளக்கு மினுங்கி உயிரை எடுக்கும்
என்று இன்றைக்குக் கேட்டாலும் சொல்வேன்.
பொம்பிளையின் தாய் மெல்லக் கிட்ட வந்து
"பிள்ளையை ஒரு பொட்டு வெள்ளையாக்கி விடுங்கோ, தங்கச்சி" என்பா.
ஆக்கினேன்.
இத்தனை முகங்களிலிருந்து துடைத்தெடுத்த நிறத்தை
வாளியில் சேர்த்து வைத்திருந்தால்
ஒரு வீட்டுக்கே பூசியிருக்கலாம்,
உள்ளும் புறமும்.

செத்தவீடுகளும் செய்தேன்,
பாரிசிலும் ஒஸ்லோவிலும்
நித்திரை முழித்திருப்பவர்களுக்கு நேரலை.
லென்ஸைப் பற்றி நான் கற்றது அங்கேதான்:
அழுகிறவரிடம் போகாதே.
வாசலில் தன் சப்பாத்தைத் தேடிக்கொண்டு நிற்கிறவரிடம் போ.

பிறகு சீட்டை ஏலத்தில் எடுத்தேன்.
கழிவு போகக் கையில் முப்பத்தோராயிரம்.
கதை இவ்வளவுதான்:
பாண் தொழிற்சாலையில் இரவு வேலை செய்யும் ஒருத்தி
ஒரு விடியற்காலை வீட்டுக்குப் போகாமல்
ஏரிக்கரையில் இருக்கிறாள்.
நடித்த திலகராணி
உண்மையிலேயே பாண் தொழிற்சாலையிலிருந்துதான் வந்தா,
கைமடிப்பில் மா அப்பியபடி.

ஒக்டோபர். ஸ்காபரோ ப்ளஃப்ஸ்.
அனுமதி ஒன்பது மணி மட்டும்.
கமராவைப் பன்னிரண்டுக்குள் திருப்பிக் கொடுக்கவேண்டும்.
ஏரிக்கு மேல் முழு மேகம்,
நனைந்த போர்வையை யாரோ காயப்போட்டதுபோல.
"எடு" என்றாள் முதலாமவள்.
"பொறு" என்றாள் மற்றவள்.
"பொறுக்கிற ஒவ்வொரு நிமிஷத்துக்கும் வாடகை ஏறுது."
"வெளிச்சம் உன்னுடைய வேலைக்காரியில்லை."
ஒலிப்பதிவுக்கு வந்த பெடியன் றொஹான்
நான் தனியே முணுமுணுப்பதைப் பார்த்து
ஹெட்போனை இறுக்கிக்கொண்டான்.

ஒன்பது ஐந்துக்குக் கட்டிக்கொண்டு ஏறினோம்.
வாகனத் தரிப்பிடத்தில்
காரின் பின்கதவைத் திறந்துவிட்டு
திலகராணி மீன் ரோல் தின்றுகொண்டிருந்தா.
அப்போதுதான் மேகத்தில் ஒரு கிழிசல்.
இடது கன்னத்தில் வெயில் வந்து நின்றது.
கறுப்பு,
அதன்மேல் செம்பு,
கண்ணுக்குக் கீழே இரவு வேலையின் நீலம்,
உதட்டோரம் ஒரு துணுக்கு ரோல்.

யாரையும் கேட்கவில்லை.
கமரா என் தோளில் இருந்தது.
நாலு நிமிஷம் பத்து விநாடி.
அவ தின்று முடித்து விரலைத் துடைத்து
ஏரி இருக்கும் பக்கம் ஒருதரம் பார்த்தா.
அவ்வளவுதான். அதுதான் படம்.

தரிப்பிடத்துக்கு அனுமதி எடுக்கவில்லையென்று
தொண்ணூறு டொலர் தண்டம்.
அன்றிரவு கணக்குக் கொப்பியை விரித்து
இதை எந்தத் தலைப்பின் கீழ் எழுதுவதென்று
கனநேரம் யோசித்தேன்.
போக்குவரத்து இல்லை.
சாப்பாடும் இல்லை.
"ஒளி" என்று எழுதினேன்.

நிறம் சரிசெய்கிற இடத்தில் அந்த இளைஞன்
வழமைபோல முகத்தைத் தூக்கப் போனான்.
அவன் கையைப் பிடித்து நிறுத்தினேன்.
கொஞ்சம் பலமாகத்தான் பிடித்துவிட்டேன்.

முதற்காட்சிக்கு நாற்பத்தொரு பேர்.
அதில் பதினொருவர் பாண் தொழிற்சாலை,
பாதியில் எழும்பினார்கள்;
இரவு வேலைக்கு நேரமாகிவிட்டதாம்.
வெளியே ஒரு அம்மா
"படம் நல்லம். ஏன் ஒரே இருட்டாயிருக்கு?" என்று கேட்டா.
அவவின் மகளின் கலியாணமும் நான்தான் எடுத்தது.

சீட்டுக் காசு இன்னும் பதினான்கு மாசம் கட்டவேண்டும்.
வருகிற சனி பிரம்டனில் ஒரு தாலிகட்டு.
இரண்டாமவள் இன்றுவரை சம்பளம் கேட்கவில்லை.
கேட்டால் முதலாமவள் தொலைபேசியை எடுக்கமாட்டாள்;
எனக்கு அவளைத் தெரியும்.